உடலை ஏற்றலும் உடலைப் பேணலும்

உடலை உள்ளபடியே ஏற்றுக்கொள்வதும் உடல்நலத்துக்காக முயல்வதும் ஒன்றுக்கொன்று எதிரானவை என்னும் எண்ணம் இன்று பரவலாக வேரூன்றியிருக்கிறது. ஏற்றுக்கொண்டவர் முயற்சியைக் கைவிட்டவர் என்று ஒரு சாராரும், முயல்கிறவர் தம் உடலை வெறுப்பதனால்தான் முயல்கிறார் என்று மற்றொரு சாராரும் கருதுகின்றனர். இவ்விரு கருத்துகளும் பிழையானவை என்பதும், ஏற்பு என்னும் அடித்தளம் இல்லாத உடல்நல முயற்சி நெடுநாள் நிலைப்பது அரிது என்பதும், நலம் பேணும் பழக்கங்களோடு சேராத ஏற்பு முழுமை பெறுவதில்லை என்பதும் இவ்வுரை நிறுவ விழையும் கருத்துகள்.

இங்கே 'உடல் ஏற்பு' என்பது, உயரம், பருமன், நிறம், வயது ஆகியவை எவ்வாறு இருப்பினும் அந்த உடலுக்குரிய மதிப்பு குறையாது என்று அதற்கு உரியவரும் சுற்றத்தாரும் கொள்ளும் நிலைப்பாட்டைக் குறிக்கும். 'நலவாழ்வு முறை' என்பது, உணவு, உடலுழைப்பு, உறக்கம், காலமுறைப் பரிசோதனை ஆகியவற்றில் ஒருவர் பல ஆண்டுகள் தொடரத்தக்க பழக்கங்களின் தொகுப்பைக் குறிக்கும். முன்னது மதிப்பைப் பற்றியது. பின்னது செயலைப் பற்றியது. ஒன்று மற்றொன்றின் இடத்தைப் பறிப்பதில்லை.

ஏற்பு என்னும் கோரிக்கை

உடல் ஏற்பு ஓர் உரிமைக் கோரிக்கையாக உருப்பெற்ற இடம் அமெரிக்கா. 1967ஆம் ஆண்டு நியூயார்க் நகரின் சென்ட்ரல் பூங்காவில் பருத்த உடல் கொண்டவர்கள் பெருந்திரளாகக் கூடி, தங்கள்மீது காட்டப்படும் பாகுபாட்டைக் கண்டித்தனர். எடைக் குறைப்பு நூல்களை எரித்தனர். அடுத்த இரண்டே ஆண்டுகளில், 1969இல், இந்நோக்கத்துக்கெனத் தேசிய அளவிலான சங்கம் ஒன்று அங்கே நிறுவப்பட்டது. வேலையிலும் மருத்துவத்திலும் பொது இடங்களிலும் பருமனைக் காரணம் காட்டி ஒருவரை இழிவுபடுத்தலாகாது என்பதே அவ்வியக்கத்தின் மையக் கோரிக்கையாக இருந்தது.

பிற்காலத்தில் இக்கோரிக்கை சமூக ஊடகங்களுக்கும் அழகுப் பொருள் விளம்பரங்களுக்கும் இடம்பெயர்ந்தபோது, உரிமை பற்றிய பேச்சு குறைந்து, கண்ணாடி முன் நின்று தன் அழகைத் தானே பாராட்டிக்கொள்ளும் பயிற்சியாக அது சுருங்கிப்போனது. உடல் ஏற்பு என்றால் தன்னை எந்நேரமும் அழகாக உணர்வது என்று பலர் புரிந்துகொண்டு, அவ்வாறு உணர முடியாதபோது மேலும் ஒரு தோல்வியைத் தம் கணக்கில் எழுதிக்கொள்கின்றனர். உண்மையில் ஏற்புக்கு அழகுணர்ச்சி தேவையில்லை. தன் உடல் பிடிக்காத நாளிலும் அதற்கு வேளையோடு உணவளிப்பதும், வலித்தால் மருத்துவரிடம் அழைத்துச் செல்வதும், அதைப் பழித்துப் பேசாமலிருப்பதும் ஏற்பே ஆகும்.

ஓர் எண்ணின் வரலாறு

இன்று மருத்துவமனையிலும் உடற்பயிற்சிக் கூடத்திலும் உடலை அளக்கும் கோலாக நிற்பது உடல் நிறைக் குறியீட்டெண். கிலோகிராமில் உள்ள எடையை மீட்டரில் உள்ள உயரத்தின் வர்க்கத்தால் வகுத்தால் கிடைப்பது இந்த எண். இதன் மூலத்தை 1830களில் வகுத்தவர் பெல்ஜியம் நாட்டின் வானியலாளரும் புள்ளியியலாளருமான அடோல்ஃப் கெத்தலே. மக்கள்தொகையின் 'சராசரி மனிதன்' எவ்வாறு இருப்பான் என்பதைக் கணக்கிடுவதே அவருடைய நோக்கம். தனிமனிதர் ஒருவரின் உடல்நலத்தை மதிப்பிடுவது அன்று. ஏறத்தாழ 140 ஆண்டுகளுக்குப் பிறகு, 1972இல், அமெரிக்க உடலியல் அறிஞர் ஆன்செல் கீஸ் ஐந்து நாடுகளைச் சேர்ந்த 7,400க்கும் மேற்பட்ட ஆண்களின் அளவுகளை ஆராய்ந்து, அந்தச் சூத்திரத்துக்கு இன்றைய பெயரைச் சூட்டினார். ஆண்களை மட்டுமே கொண்ட அந்த ஆய்வின்வழிப் பெயர்பெற்ற எண்தான் இன்று பெண்கள்மீதும் முதியவர்கள்மீதும் தீர்ப்பாக வாசிக்கப்படுகிறது.

இந்தியர்களின் உடலமைப்பில் இந்த எண் இன்னொரு வகையிலும் தடுமாறுகிறது. 2004ஆம் ஆண்டு லான்செட் மருத்துவ இதழில் புனே நகரின் மருத்துவ ஆய்வாளர் சித்தரஞ்சன் யாஜ்னிக்கும் பிரிட்டன் நாட்டின் ஜான் யுட்கினும் தங்கள் உடல்களையே சான்றாக முன்வைத்தனர். இருவருக்கும் குறியீட்டெண் 22.3, ஆனால் யுட்கினின் உடலில் கொழுப்பு 9.1 விழுக்காடாக இருக்க, யாஜ்னிக்கின் உடலில் அது 21.2 விழுக்காடாக இருந்தது. தோற்றத்தில் மெலிவும் உள்ளே மிகுகொழுப்பும் கொண்ட இவ்வுடல்வாகு தெற்காசியரிடையே பரவலாகக் காணப்படுகிறது. குறிப்பாக வயிற்றுப் பகுதியில் உள்ளுறுப்புகளைச் சுற்றிச் சேரும் கொழுப்பு சர்க்கரை நோய்க்கும் இதய நோய்க்கும் வழிவகுக்கிறது. இதைக் கருத்தில் கொண்டே உலக நலவாழ்வு அமைப்பின் வல்லுநர் குழு 2004இல் ஆசியர்களுக்கு 23 என்னும் எண்ணிலிருந்தே கவனம் தேவை என்று பரிந்துரைத்தது. இந்திய மருத்துவர்களின் 2009ஆம் ஆண்டுக் கருத்தொருமிப்பு 23 முதல் அதிக எடை என்றும், 25 முதல் உடற்பருமன் என்றும் வரையறுத்தது. 160 சென்டிமீட்டர் உயரமுள்ள ஒருவருக்கு 59 கிலோவில் முதல் எல்லையும் 64 கிலோவில் இரண்டாம் எல்லையும் வந்துவிடுகின்றன.

இவ்வரலாறு கற்பிக்கும் பாடம் இருபுறமும் செல்லும். பருத்த உடலைக் கண்டவுடன் அதை நோயுடல் என்று முடிவுகட்டுவது எவ்வளவு தவறோ, ஒல்லியான உடலைக் கண்டவுடன் அதற்கு நலச்சான்று வழங்குவதும் அவ்வளவே தவறு. 'ஒடிசலாகத்தானே இருக்கிறார், சர்க்கரை எங்கிருந்து வரும்' என்று பரிசோதனையைத் தள்ளிப்போடும் குடும்பங்கள் தமிழ்நாட்டில் ஏராளம். தோற்றத்தைக் கொண்டு நலத்தை அளக்கும் பழக்கம் குண்டானவரை வெட்கப்படுத்தி மருத்துவரிடமிருந்து விலக்குகிறது. ஒல்லியானவரை ஏமாற்றி மருத்துவரிடமிருந்து விலக்குகிறது.

வெட்கம் மருந்தாகாது

ஒருவரை நாணச் செய்தால் அவர் திருந்துவார் என்னும் நம்பிக்கை நம் குடும்பப் பேச்சில் ஆழமாகப் படிந்திருக்கிறது. பல மாதங்கள் கழித்துச் சந்திக்கும் உறவினர் நலம் விசாரிக்கும் முன்பே 'என்ன இப்படிப் பெருத்துவிட்டாய்' என்றோ 'என்ன இப்படி இளைத்துவிட்டாய்' என்றோ கேட்பது அன்பின் வெளிப்பாடாகவே கருதப்படுகிறது. பெண் பார்க்கும் சடங்கில் பருமனும் நிறமும் பேரம் பேசப்படுகின்றன. பள்ளியில் ஒட்டிக்கொண்ட பட்டப்பெயர் ஒருவரை நரைக்கும் வரை தொடர்கிறது. திரைப்படங்களில் பருத்த உடலே நகைச்சுவைக்குப் போதுமான காரணமாகக் கொள்ளப்படுகிறது.

இத்தகைய சொற்கள் உடலைச் சீராக்கவில்லை என்பதையே ஆய்வுகள் காட்டுகின்றன. அமெரிக்காவில் ஆறாயிரத்துக்கும் மேற்பட்டோரை நான்காண்டுகள் தொடர்ந்து, 2013இல் வெளியான ஓர் ஆய்வில், எடையின் காரணமாகப் பாகுபாட்டை உணர்ந்தவர்கள், உணராதவர்களைக் காட்டிலும் உடற்பருமன் நிலையை அடையும் வாய்ப்பு ஏறத்தாழ இரண்டரை மடங்காக இருந்தது. அவமானத்துக்கு உள்ளானவர் நடைப்பயிற்சிக்குத் தெருவில் இறங்கத் தயங்குகிறார்; மனவுளைச்சலை உணவால் ஆற்றிக்கொள்கிறார்; ஒவ்வொரு நோய்க்கும் 'முதலில் எடையைக் குறைத்துவிட்டு வாருங்கள்' என்னும் ஒரே பதிலைக் கேட்டுச் சலித்து மருத்துவமனைக்குச் செல்வதையே நிறுத்திவிடுகிறார். 2020இல் பல நாட்டு மருத்துவ அமைப்புகள் ஒன்றுகூடி, எடை சார்ந்த இழிவுபடுத்தலை முடிவுக்குக் கொண்டுவர வேண்டும் என்று கூட்டறிக்கை வெளியிட்டதற்கு இத்தகைய சான்றுகளே காரணம்.

தன் உடலைப் பற்றிய அதிருப்தி பிறவியில் வருவதன்று, கற்பிக்கப்படுவது என்பதற்கு ஃபிஜித் தீவுகளில் நடந்த ஆய்வு தெளிவான சான்று. பருத்த, வலிமையான உடலையும் நல்ல பசியையும் போற்றிய பண்பாட்டைக் கொண்ட அந்நாட்டின் ஒரு பகுதிக்கு 1995இல் தொலைக்காட்சி வந்தது. அவ்வேளையிலும் மூன்றாண்டுகள் கழித்து 1998இலும் அமெரிக்க ஆய்வாளர் ஆன் பெக்கர் பள்ளி மாணவியரை ஆராய்ந்தார். எடையைக் கட்டுப்படுத்தத் தாமாகவே வாந்தியெடுக்கும் பழக்கம் முதல் ஆய்வில் ஒருவரிடமும் இல்லை. இரண்டாம் ஆய்வில் அது 11.3 விழுக்காட்டினரிடம் காணப்பட்டது. கைப்பேசித் திரை உள்ளங்கையிலேயே இருக்கும் இன்றைய தலைமுறையின் பெற்றோர் இந்த எண்ணை எளிதாகக் கடந்துவிடலாகாது.

கடும் பட்டினி உடலையும் மனத்தையும் என்ன செய்கிறது என்பதையும் அறிவியல் பதிவுசெய்திருக்கிறது. உடல் நிறைக் குறியீட்டெண்ணுக்குப் பெயர் சூட்டிய அதே ஆன்செல் கீஸ், இரண்டாம் உலகப் போரின் இறுதியில் மினசோட்டா பல்கலைக்கழகத்தில் 36 இளைஞர்களை அவர்களின் ஒப்புதலோடு 24 வாரங்கள் அரைப்பட்டினியில் வைத்து ஆராய்ந்தார். அவர்கள் உடலெடையில் ஏறத்தாழக் கால் பங்கை இழந்தனர். அத்துடன் எரிச்சலும் சோர்வும் மனவாட்டமும் கொண்டு, பகலெல்லாம் உணவையே நினைத்து, சமையல் நூல்களைப் படித்துக்கொண்டிருந்தனர். அமெரிக்கத் தொலைக்காட்சியின் எடைக் குறைப்புப் போட்டி ஒன்றில் பங்கேற்ற 14 பேரை ஆறாண்டுகளுக்குப் பிறகு ஆராய்ந்து 2016இல் வெளியான ஆய்வோ, அவர்கள் இழந்த எடையின் பெரும்பகுதி திரும்பிவிட்டதையும், ஓய்வில் இருக்கும்போது உடல் செலவிடும் ஆற்றல் எதிர்பார்க்கும் அளவைவிட நாளொன்றுக்கு ஏறத்தாழ 500 கலோரி குறைந்தே இருந்ததையும் கண்டறிந்தது. பட்டினியைப் பஞ்சமாகக் கருதும் உடல் தன் செலவைச் சுருக்கிக்கொள்கிறது. எடை திரும்பிவந்தவரை மனவுறுதி அற்றவர் என்று பழிப்பது இந்த உடலியலை அறியாமையால் விளைவது.

சென்னையில் கிடைத்த விடை

அவ்வாறாயின் முயற்சியால் பயனில்லையா என்னும் கேள்வி எழும். அதற்குரிய சிறந்த விடைகளுள் ஒன்று சென்னையிலேயே கிடைத்தது. மருத்துவர் அ. ராமச்சந்திரனும் அவருடைய குழுவினரும் நடத்தி 2006இல் முடிவுகளை வெளியிட்ட இந்திய நீரிழிவுத் தடுப்பு ஆய்வில், சர்க்கரை நோய்க்கு முந்தைய நிலையில் இருந்த 531 பேர் பங்கேற்றனர். இரத்தச் சர்க்கரை இயல்பைவிடக் கூடியும், நோய் என்று சொல்லும் அளவை எட்டாமலும் இருப்பதே இந்நிலை. அவர்கள் நான்கு குழுக்களாகப் பிரிக்கப்பட்டு, ஒரு குழுவுக்கு வழக்கமான அறிவுரை மட்டுமே வழங்கப்பட்டது. மற்றொரு குழுவுக்கு வாழ்க்கைமுறை மாற்றத்தில் தொடர்ந்து வழிகாட்டப்பட்டது. ஏனைய இரண்டும் மெட்ஃபார்மின் மாத்திரையைத் தனியாகவும் வாழ்க்கைமுறை மாற்றத்தோடு சேர்த்தும் பெற்றன.

அந்த வாழ்க்கைமுறை மாற்றத்தில் வியப்பூட்டும் புதுமை ஏதும் இல்லை. உடலுழைப்புக் குறைந்தவர்கள் நாள்தோறும் 30 நிமிடமேனும் விரைந்து நடக்க வேண்டும். ஏற்கெனவே உழைப்பவர்கள் அவ்வுழைப்பைத் தொடர வேண்டும். சர்க்கரையைத் தவிர்த்து, தீட்டிய மாவுச்சத்தையும் எண்ணெயையும் குறைத்து, நார்ச்சத்துள்ள உணவைக் கூட்ட வேண்டும். மூன்றாண்டு முடிவில் அறிவுரை மட்டும் பெற்ற குழுவில் 55 விழுக்காட்டினருக்குச் சர்க்கரை நோய் வந்திருக்க, வாழ்க்கைமுறை மாற்றக் குழுவில் அது 39.3 விழுக்காட்டினருக்கே வந்தது. இப்பயன் குறிப்பிடத்தக்க எடைக் குறைவு இல்லாமலேயே கிடைத்தது என்பதுதான் இவ்வுரையின் பொருளுக்கு உயிரான செய்தி. எடைக்கருவியின் முள் பெரிதாக அசையாத நிலையிலும் தசைகளும் கணையமும் இரத்தமும் அந்த முயற்சியின் பயனைப் பெற்றன.

எடை குறையவில்லையே என்று இரண்டாம் மாதத்தில் நடையை நிறுத்திவிடுகிறவர் எதை இழக்கிறார் என்பதை இந்த ஆய்வு காட்டிவிடுகிறது. வெறுப்பில் தொடங்கிய முயற்சிக்கு எடைக்கருவி ஒன்றே நீதிபதி. அது சாதகமாகத் தீர்ப்பளிக்காத நாளில் முயற்சி முடிந்துபோகிறது. ஏற்பில் தொடங்கிய முயற்சிக்கோ மூச்சு வாங்காமல் மாடிப்படி ஏறுவதும், சீராக உறங்குவதும், இரத்த அழுத்தம் இறங்குவதும் சான்றாகின்றன. ஆகவே அது தொடர்கிறது.

ஏற்பு அலட்சியம் ஆகாது

இதனால் எடை எவ்வகையிலும் பொருட்படுத்தத் தக்கதன்று என்று முடிவுகட்டுவது மற்றொரு பிழையாகும். பிரிட்டனில் நடந்த 'டைரெக்ட்' ஆய்வில் மருத்துவ மேற்பார்வையோடு எடைக் குறைப்பில் ஈடுபட்ட சர்க்கரை நோயாளிகளுள் 46 விழுக்காட்டினர் ஓராண்டில் மாத்திரையின்றியே நோய் அடங்கிய நிலையை எட்டினர். 15 கிலோவோ அதற்கு மேலோ குறைத்தவர்களில் அது 86 விழுக்காடாக இருந்தது. முழங்கால் தேய்மானம், உறக்கத்தில் மூச்சுத் தடைபடுதல், கொழுப்பு படிந்த கல்லீரல் ஆகியவற்றிலும் எடைக் குறைப்பு உதவுகிறது. தேவைப்படுவோர் மருத்துவ ஆலோசனையோடு எடையைக் குறைப்பது உடல் ஏற்புக்குத் துரோகம் அன்று.

நிலைமையும் அலட்சியத்துக்கு இடம்தருவதாக இல்லை. தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பின் ஐந்தாம் சுற்றின்படி (2019–21) தமிழ்நாட்டுப் பெண்களில் 40.4 விழுக்காட்டினரும் ஆண்களில் 37 விழுக்காட்டினரும் அதிக எடையோ உடற்பருமனோ உடையவர்கள். அதே வேளையில் பெண்களில் 12.6 விழுக்காட்டினர் இருக்க வேண்டிய எடையைவிடக் குறைவாக உள்ளனர். 2023இல் வெளியான இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் நாடு தழுவிய ஆய்வு, இந்தியாவில் 10 கோடிக்கும் மேற்பட்டோர் சர்க்கரை நோயோடு வாழ்வதாக மதிப்பிட்டது. இடுப்புச் சுற்றளவு ஆண்களுக்கு 90 சென்டிமீட்டரையும் பெண்களுக்கு 80 சென்டிமீட்டரையும் தாண்டினால் கவனம் தேவை என்னும் அளவுகோல் குறியீட்டெண்ணைவிடப் பல வேளைகளில் பயனுள்ளது. 2025இல் லான்செட் அமைத்த வல்லுநர் ஆணையமும், குறியீட்டெண்ணை மட்டும் கொண்டு முடிவெடுக்கலாகாது என்று கூறி, உறுப்புகளின் இயக்கம் பாதிக்கப்பட்ட பருமனையும் பாதிப்பு இன்னும் தோன்றாத பருமனையும் வேறுபடுத்தியது. உடலை மதிப்பவர் அதன் நிலையை அறிய அஞ்சமாட்டார்.

நிலைக்கும் பழக்கங்கள்

நிலைக்கக்கூடிய வாழ்வுமுறையின் முதல் இலக்கணம், நோன்பு போல ஒரு நாளில் தொடங்கி ஒரு நாளில் முடியாமல், அன்றாட வாழ்வின் ஓட்டத்தோடு கலந்திருப்பது. நாளொன்றுக்கு 10,000 அடி நடக்க வேண்டும் என்னும் புகழ்பெற்ற இலக்கு, 1965இல் ஜப்பானில் விற்பனைக்கு வந்த அடி எண்ணும் கருவி ஒன்றின் பெயரிலிருந்து பரவியது. 2019இல் வெளியான ஆய்வில் அமெரிக்க மூதாட்டியரிடையே நாளொன்றுக்கு ஏறத்தாழ 4,400 அடி நடந்தவர்களின் இறப்பு விகிதமே, 2,700 அடி நடந்தவர்களைவிடத் தெளிவாகக் குறைந்திருந்தது; ஏறத்தாழ 7,500 அடிவரை அந்தப் பயன் கூடியது. ஆகவே பத்தாயிரம் எட்டவில்லை என்று வருந்தி ஐந்தாயிரத்தையும் கைவிட வேண்டியதில்லை. வாரத்துக்கு 150 முதல் 300 நிமிடம் மிதமான உடலியக்கமும், இரண்டு நாளேனும் தசைகளுக்கு வலுவூட்டும் பயிற்சியும் உலக நலவாழ்வு அமைப்பு 2020இல் தந்த வழிகாட்டுதல். தெற்காசியரின் தசை அளவு பொதுவாகக் குறைவு என்பதால் இரண்டாவது பகுதிக்கு இங்கே தனி முக்கியத்துவம் உண்டு. நாற்காலியிலிருந்து கை ஊன்றாமல் பத்துப் பன்னிரண்டு முறை எழுந்து அமர்வதும் அதில் அடங்கும்.

உணவைப் பொறுத்தவரை, இந்தியர்கள் பெறும் ஆற்றலில் ஏறத்தாழ 62 விழுக்காடு மாவுச்சத்திலிருந்து வருகிறது என்பதும், அதில் பெரும்பகுதி வெள்ளை அரிசி, அரைத்த மாவு, சர்க்கரை ஆகியவற்றால் ஆனது என்பதும் அறியப்பட்ட செய்திகள். தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் 2024இல் வெளியிட்ட வழிகாட்டுதல் தானியங்களின் பங்கை 45 விழுக்காட்டுக்குள் வைக்கப் பரிந்துரைக்கிறது. இதற்காகச் சோற்றைப் பகையாக்க வேண்டியதில்லை. சோற்றின் அளவைச் சற்றுக் குறைத்து, அந்த இடத்தில் கீரை, பொரியல், கூட்டு, சுண்டல், முட்டை, மீன் ஆகியவற்றைக் கூட்டினாலே வீட்டுச் சமையலின் சுவை மாறாமல் தட்டின் சேர்க்கை மாறிவிடும். பாவம், புண்ணியம் என்று உணவைப் பிரித்துத் தன்னைத் தண்டித்துக்கொள்கிறவர், விலக்கிய உணவையே நினைத்து ஒருநாள் அளவின்றி உண்டுவிடுகிறார். திருக்குறளின் 95ஆம் அதிகாரமாகிய 'மருந்து', முன்னுண்டது செரித்ததை அறிந்து, பசியின் அளவோடு உண்ணுவதையே நோயற்ற வாழ்வுக்கு வழியாக வைக்கிறது என்பது இங்கே நினைக்கத்தக்கது.

இப்பழக்கங்களைத் தனிமனிதரின் மனவுறுதிக்கு மட்டுமே விட்டுவிடுவதும் நியாயமாகாது. 2019ஆம் ஆண்டின் நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பின்படி, இந்தியாவில் ஊதியமில்லா வீட்டு வேலைகளில் ஈடுபட்ட பெண்கள் அவற்றுக்காக நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடங்களையும் ஆண்கள் 97 நிமிடங்களையும் செலவிட்டனர். எல்லாரும் உண்டபின் எஞ்சியதை உண்டு, எல்லாரும் உறங்கியபின் உறங்கும் பெண்ணிடம் 'நீ ஏன் நடைப்பயிற்சி செய்யவில்லை' என்று கேட்பதற்கு முன், அவர் நடக்கும் அரைமணி நேரத்தில் அடுப்பை யார் பார்ப்பது என்பதைக் குடும்பம் தீர்மானிக்க வேண்டும். 2021 ஆகஸ்டில் தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டம் இரத்த அழுத்தத்துக்கும் சர்க்கரைக்குமான பரிசோதனையையும் மருந்தையும் வீட்டு வாசலுக்கே கொண்டுவந்ததும், 2023இல் மாவட்டந்தோறும் 8 கிலோமீட்டர் நடைபாதைகளை அமைக்கும் 'நடப்போம் நலம் பெறுவோம்' திட்டம் தொடங்கியதும், பொது நலம் பொது ஏற்பாட்டால் வளரும் என்பதற்கு நல்ல சான்றுகள். அப்பாதைகளில் எந்தப் பருமன் கொண்டவரும் பிறர் பார்வைக்குக் கூசாமல் நடக்க இயல வேண்டும்.

முடிவுரை

இவ்வளவும் கூறியபின் எஞ்சுவது சில வேண்டுகோள்கள். பெற்றோர் பிள்ளைகளின் முன்னிலையில் அவர்களுடைய உடலையும் தம் உடலையும் பழித்துப் பேசுவதை நிறுத்த வேண்டும். ஆசிரியர்கள் உருவத்தைக் குறிக்கும் பட்டப்பெயர்களை வகுப்பறையில் அனுமதிக்கலாகாது. மருத்துவர்கள் எடையைக் குறிப்பதற்கு முன் நோயாளி சொல்லவந்த வலியை முழுதாகக் கேட்க வேண்டும். முப்பது வயதைக் கடந்த ஒவ்வொருவரும், ஒல்லியானவராயினும் பருத்தவராயினும், ஆண்டுக்கு ஒருமுறை இரத்த அழுத்தத்தையும் இரத்தச் சர்க்கரையையும் இடுப்புச் சுற்றளவையும் பார்த்துக்கொள்ள வேண்டும். எடை குறைந்தபின் உடலை மதிக்கலாம் என்று காத்திருக்க வேண்டிய தேவை எவருக்கும் இல்லை; இன்றுள்ள உடலை மதித்து, அதற்குரிய உணவையும் உழைப்பையும் ஓய்வையும் இன்றே அளிக்கத் தொடங்குவதுதான் நெடுநாள் நிலைக்கும் நலவாழ்வு.